இடதுகை முடிச்சு

மண்டபத்திலிருந்து ராமநாதபுரம் போகும் பகல் ரயிலில், எதிர்ப் பலகையில் இருந்த மீசைக்காரர் சத்தமாகச் சொன்னார்:

"அந்தக் கொலையச் செஞ்சதே நான்தான்லே."

பக்கத்திலிருந்த பெண் தன் கூடையை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

"சினிமாக் கொலைன்னு சேத்துச் சொல்லுலே," என்றார் கூட வந்தவர்.

"வலைக்குள்ள பொணம். வலையில முடிச்சு திரும்புற பக்கத்தப் பாத்தே, போட்டவன் இடதுகைக்காரன்னு கண்டுபிடிக்கிறது. கரையில கிழிஞ்ச வலையச் சரிபண்ணிக்கிட்டே நான் சொன்ன கதை. கேட்டுக்கிட்டிருந்த வேலு மெட்ராசுக்கு ஓடிட்டான். இப்பப் போஸ்டர்ல 'கதை வசனம்'னு அவன் பேரு!"

"இது நாலாவது படம்ல. நாலுமே கொலைக் கதை. படம் எடுக்குற முதலாளிமாரு அவன் வீட்டு வாசல்ல காத்துக் கெடக்காங்களாம்."

"அவனுக்கு ஒரு முடிச்சு ஒழுங்காப் போடத் தெரியுமா?"

"தெரியாது. அதான் எழுதப் போயிட்டான்."

மீசைக்காரர் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். கூட வந்தவர் விடவில்லை:

"சரி, ஒன் கதையில அந்த இடதுகைக்காரன் யாரு?"

ராமநாதபுரத்தில் வண்டி நின்றதும் மீசைக்காரர் துண்டை உதறித் தோளில் போட்டபடி எழுந்தார்.

"அதுதான் இத்தன வருசமா எனக்குப் பிடிபடல. வெரசா வாலே, படம் போட்ருவான்."