வெளியே இருந்த ஒரு டிஸ்க்

டிஸ்க் என்பது எடையே இல்லாத பொருள், மேடம். அதன் பிளாஸ்டிக் உறைதான் இடத்தை அடைக்கிறது. கிடங்கு மேலாளராகச் சொல்கிறேன், உலகத்தில் பாதி இடம் சரக்குக்குப் போவதில்லை, சரக்கைச் சுற்றியிருக்கும் அட்டைக்கும் பிளாஸ்டிக்குக்கும்தான் போகிறது. எங்கள் வீட்டு முன்னறையில் மூன்று சுவர் முழுக்க அந்த உறைகள் அடுக்கியிருந்தன. நான்காவது சுவரை ஒட்டிக் கட்டில். கட்டிலில் என் மைத்துனன்.

நீங்கள் டீயைக் குடியுங்கள், ஆறிவிடும். எனக்கு அவசரம் ஒன்றும் இல்லை.

மைத்துனனை எல்லோரும் கேப்டன் என்றுதான் கூப்பிடுவார்கள். வீடியோ கேமில் அவன்தான் எந்த அணிக்கும் தலைவனாம். கப்பல் இல்லாத கேப்டன். பள்ளிக்கூட நாளில் பிடித்த தசைநோய் காலில் தொடங்கி ஒவ்வொன்றாகப் பறித்துக்கொண்டு போய், கடைசியில் இரண்டு கட்டைவிரலையும் வாயையும் மட்டும் விட்டு வைத்திருந்தது. வாய் அரட்டைக்கு, விரல் விளையாட்டுக்கு. மாமனார் மாமியார் போன பிறகு அவன் எங்களோடு இருந்தான் என்று நான் சொல்வேன். வீடு அவர்களுடையது, அதனால் நாம்தான் அவனோடு இருக்கிறோம் என்று என் மனைவி திருத்துவாள். அவள் பள்ளி ஆசிரியை. திருத்துவது அவள் தொழில்.

நகரத்துக்கு வெளியே ஒரு நல்ல அடுக்குமாடி வீடு பார்த்து வைத்திருந்தேன். இரண்டு படுக்கையறை, வெளிச்சம், லிஃப்ட். "தம்பியை விட்டுட்டு நான் எங்கயும் வர மாட்டேங்க" என்றாள். அவனையும் கூட்டிப் போகலாமே என்றால், "அவனோட ஆளுங்க அவ்வளவு தூரம் வர முடியாதே" என்றாள். அவனுடைய ஆட்கள். மந்திரிக்கு இருப்பதுபோல.

அந்த ஆட்களைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஒரு பஸ் டிரைவர், மருந்துக்கடையில் நிற்கும் ஒரு பெண், இன்னும் நான்கைந்து பேர். வளர்ந்த மனிதர்கள். எல்லோரும் அவனிடம் டிஸ்க் இரவல் வாங்கி விளையாடுகிறவர்கள். இதற்கு அவன் ஒரு சட்டம் வைத்திருந்தான். டிஸ்க்கை வாசலில் வைத்துவிட்டுப் போகக் கூடாது, உள்ளே வந்து அவன் கையில் கொடுக்க வேண்டும். கொடுத்த கையோடு உட்கார்ந்து ஓர் ஆட்டம் ஆட வேண்டும். அப்புறம்தான் அடுத்த டிஸ்க். வீட்டுச் சாவியை வாசலில் இருந்த அவனுடைய ஷூவுக்குள் போட்டு வைத்திருந்தார்கள். நடக்காதவனுக்கு எதற்கு ஷூ என்று நான் கேட்டதுண்டு. சாவி வைக்க, என்றான்.

காலையில் ஓர் உதவிப் பெண் வந்து குளிப்பாட்டி, சாப்பாடு ஊட்டிவிட்டு மதியத்தோடு போய்விடுவாள். அதற்குப் பிறகு மாலை வரை வீட்டில் யாரும் இல்லை. ஆனால் யாராவது இருந்துகொண்டே இருந்தார்கள். ஒருவர் டிஸ்க் கொடுக்க வருவார், அவர் கிளம்பும்போது இன்னொருவர் எடுக்க வருவார். விடுமுறை நாளில் நான் வீட்டில் இருந்தால் கதவைத் திறப்பது என் வேலை.

"கேப்டன் இருக்காரா சார்?"

எங்கே போகப் போகிறார். இதை நான் வாய்விட்டுச் சொன்னதில்லை. எனக்கு ஒரு வணக்கம் போட்டுவிட்டு என்னைத் தாண்டிப் போவார்கள். உள்ளே ஒரே சிரிப்பு. என் கீழே ஒரு கிடங்கு நிறைய ஆட்கள் வேலை செய்கிறார்கள். ஒருமுறை காய்ச்சலில் ஒரு வாரம் படுத்திருந்தேன், ஈ காக்கைகூட எட்டிப் பார்க்கவில்லை. முன்னறைக்கு வந்தவர்கள் என் அறைக் கதவைத் தாண்டித்தான் தண்ணீர் எடுக்கப் போனார்கள். இதைப் பொறாமை என்று எழுதிவிடாதீர்கள். கணக்கு இடித்தது, அவ்வளவுதான்.

அவர்கள் சும்மாவும் இருக்கவில்லை என்பதை ஒத்துக்கொள்கிறேன். கேப்டனால் சளியைத் தானாகக் காறித் துப்ப முடியாது. கட்டில் பக்கத்தில் உறிஞ்சும் மெஷின் ஒன்று இருக்கும். யாராவது குழாயை வாய்க்குள் விட்டு எடுக்க வேண்டும். ஒரு நிமிட வேலை. தவறினால் மூச்சு அடைக்கும். டிரைவர் பஸ் ஓட்டுகிற லட்சணத்தில் அதையும் ஓட்டக் கற்றுக்கொண்டார். ஆட்டத்தின் நடுவில் ஒரு கையால் குழாய், மறு கையால் கன்ட்ரோலர். இதற்கு யாரும் அவருக்குச் சம்பளம் தரவில்லை. "அவங்க வந்து போறதாலதான் இவன் உசுரோட இருக்கான், நானும் நிம்மதியா வேலைக்குப் போறேன்" என்று ஒரு நாள் என் மனைவி துணி மடித்துக்கொண்டே சொன்னாள்.

அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள். நான் கேட்டுக்கொண்டேன்.

கிடங்கில் நகராத சரக்கு என்று ஒன்று உண்டு. அதை யாரும் தூக்கி எறிவதில்லை. அதற்குப் போகும் வழியை அடைத்து வேறு சரக்கை அடுக்கிவிடுவோம். கை எட்டாத பொருளை ஆறு மாதத்தில் எல்லோரும் மறந்துவிடுவார்கள். பாம்பும் சாக வேண்டும், தடியும் உடையக் கூடாது என்பார்களே, அந்த மாதிரி.

அவன் பிறந்தநாளுக்கு டிஸ்க் போடும் வாயே இல்லாத புதிய கேம் கன்சோல் வாங்கிக் கொடுத்தேன். என் மனைவி அழுதாள். கல்யாணமானதிலிருந்து என்னை அவள் அப்படிப் பார்த்ததில்லை. கேப்டன் மட்டும் பெட்டியைக் கண்ணாலேயே சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, "அத்தான், டிஸ்க் எங்க போடறது?" என்றான்.

"போட வேண்டாம். உன் கேம் எல்லாத்தையும் இதுக்குள்ளயே மாத்தித் தரேன். தூசு இல்ல, கீறல் இல்ல."

"அப்ப இரவல் எப்படிக் குடுக்கிறது?"

"எதுக்கு இரவல்? அவங்கவங்க வீட்ல இருந்தே உன்கூட ஆடலாமே. பாவம், வேலை முடிஞ்ச களைப்போட எதுக்கு அலையணும்?"

அவன் கண் சுவரில் இருந்த உறைகள் மேல் ஒருமுறை போய் வந்தது. பிறகு, "நீங்க சொல்றதும் சரிதான்" என்றான். மற்றவர்களுக்குக் கஷ்டம் என்றால் போதும், உடனே சரி என்றுவிடுவான். அவனிடம் எனக்கு மிகவும் எரிச்சலூட்டிய குணம் அது.

டிஸ்க்கில் இருப்பதை அந்தப் பெட்டிக்கு மாற்றவே முடியாது, மேடம். அது உங்களுக்கும் தெரியாதில்லையா. யாருக்கும் தெரியவில்லை. அவன் அதிகம் ஆடும் சில கேம்களை மட்டும் நான் திரும்பக் காசு கொடுத்து டவுன்லோட் செய்தேன். என்னைக் கஞ்சன் என்று யாரும் சொல்ல முடியாது. இரவல் போனதெல்லாம் திரும்பிவிட்டது என்று நினைத்து, மூன்று சுவர் உறைகளையும் மூட்டை கட்டிப் பழைய கேம் வாங்கும் கடைக்குக் கொண்டுபோனேன். கடைக்காரன் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்து, ஒன்றை மட்டும் தனியே எடுத்து நீட்டினான். "சார், இதுல கவர்தான் இருக்கு. உள்ள டிஸ்க் இல்ல." குப்பையில் போடச் சொல்லிவிட்டேன்.

பழைய அக்கவுண்ட்டை அப்படியே புதிய பெட்டிக்குக் கொண்டுவந்திருக்கலாம். அவன் வருஷக்கணக்காக ஆடிச் சேர்த்து வைத்திருந்த ஆட்டப் பதிவுகள் எல்லாம் ஒரு கேபிளில் வந்திருக்கும், நண்பர்கள் பட்டியலும் வந்திருக்கும். புதிய பெட்டிக்குப் புதிய அக்கவுண்ட்தான் வேண்டும் என்று சொன்னேன். நம்பினான். குடும்பத் தலைவர் என்று என் பெயரைப் போட்டேன். அவனை உறுப்பினராகச் சேர்க்கும்போது பிறந்த தேதி கேட்டது. எட்டு வயது வருகிற மாதிரி ஒன்றைப் போட்டேன். சட்டென்று தோன்றியதுதான். குழந்தை என்றால் அந்தக் கம்பெனி மிகவும் அக்கறையாக இருக்கிறது. யாரோடும் பேச முடியாது, செய்தி அனுப்ப முடியாது. எது வேண்டுமென்றாலும் பெற்றோரின் போனுக்கு அனுமதி கேட்டு வரும்.

இரண்டு நாளில் கண்டுபிடித்துவிட்டான்.

"அத்தான், என்னைக் குழந்தைன்னு போட்டிருக்கீங்க."

"தேதி தப்பா விழுந்துடுச்சு. கம்பெனிக்கு எழுதியிருக்கேன், மாத்திடுவாங்க."

"பரவால்ல அத்தான். எட்டு வயசுல நான் ஓடிட்டிருந்தேன்" என்று சொல்லிச் சிரித்தான்.

எனக்கு அதில் சிரிக்க எதுவும் தெரியவில்லை.

வாசலுக்கு வந்தவர்களிடம் நானே விளக்கினேன். டிஸ்க் எல்லாம் விற்றாயிற்று, கேப்டன் இனி ஆன்லைனில்தான், உங்களுக்கும் அலைச்சல் மிச்சம் என்றேன். டிரைவரையும் மருந்துக்கடைப் பெண்ணையும் அவன் நண்பர்களாகச் சேர்க்க அனுமதி கேட்டான், கொடுத்தேன். நான் கல்நெஞ்சக்காரன் இல்லை. அவர்கள் திரையில் அவன் பெயர் பச்சை விளக்கோடு தெரியும். சேர்ந்து ஆடலாம், பேச்சுதான் வராது. மதியம் முழுக்கப் பச்சை விளக்கு எரிகிறது, ஆகவே ஆள் நன்றாக இருக்கிறான். அன்பு காட்டுகிறவர்களுக்கு ஒரு பச்சை விளக்கு போதும், மேடம். ஒரே மாதத்தில் வாசலில் செருப்பு குறைந்து, பிறகு இல்லாமலே போனது. போனில் கூப்பிட்டிருக்கலாமே என்பீர்கள். கூப்பிட்டார்கள். அவனுக்கு யாராவது காதருகே பிடித்தால்தான் போன். மதியத்தில் பிடிக்க அங்கே யார் இருந்தார்கள்?

என் மனைவி ராத்திரி அவனுக்கு ஊட்டிவிடும்போது, "இன்னிக்கு யார் வந்தாங்க?" என்று கேட்பாள். வழியில் ஒருத்தரைப் பார்த்தேன், இங்கே வந்துவிட்டுத்தான் போகிறாராம் என்று நான் முந்திக்கொண்டு ஏதாவது சொல்வேன். கேப்டன் என் முகத்தைப் பார்ப்பான், மறுக்க மாட்டான். தெரிந்தால் அக்கா வேலையை விட்டுவிடுவாள் என்று அவனுக்குப் பயம். அந்தப் பயத்தை நான் கணக்கில் சேர்த்திருந்தேன். நண்பர்கள் தன்னைக் கைகழுவிவிட்டார்கள் என்று நினைத்து அவன் வெட்கப்பட்டான் என்பதையும்.

அந்த நாள் கிடங்கில் சரக்கு சரிபார்ப்பு. ஏணி மேல் ஒருவன் எண்ணிச் சொல்ல, கீழே நான் நின்றுகொண்டிருந்தேன். போன் அதிர்ந்தது. உங்கள் குழந்தை நண்பர்களுக்குச் செய்தி அனுப்ப அனுமதி கேட்கிறது. காரணம் எழுத அதில் ஒரு சின்னக் கட்டம் உண்டு. கன்ட்ரோலரில் ஒவ்வொரு எழுத்தாகத் தேடி அழுத்தி எழுத வேண்டும். எழுதியிருந்தான்.

அத்தான் சளி அடைக்குது.

இரண்டு பொத்தான்கள் இருக்கும். மறுத்தேன். உடனே இன்னொன்று வந்தது. டிரைவருக்கு மட்டும், என்று இருந்தது. சிக்கனமான பையன், பேரம் பேசினான். மறுத்தேன். அடுத்ததில் அத்தான் என்று மட்டும். அதற்கடுத்து பாதிச் சொல். பிறகு கட்டம் காலியாகவே வந்தது. ஏணி மேல் இருந்தவன், "சார், யாரோ உங்களை ரொம்பத் தேடறாங்க போல" என்றான். வீட்டுக் குழந்தை, விளையாட்டுக்கு அனுமதி கேட்கிறது என்று சொன்னேன். "குடுத்துடுங்க சார், பாவம்" என்றான். குழந்தைகளுக்கு இடம் கொடுத்தால் மடம் பிடுங்கிவிடும் என்றேன். பிறகு போன் அதிரவில்லை. சரிபார்ப்பை முடித்தோம். ஓர் அட்டைப்பெட்டிகூடக் குறையவில்லை.

எல்லாம் ஒழுங்காகத்தான் போயிருக்கும். யாரும் தொடாமல் இருந்தால் அந்தக் கன்சோல் கொஞ்ச நேரத்தில் தானாகவே தூங்கிவிடும், திரை இருண்டுவிடும். மாலையில் என் மனைவி வந்து பார்த்திருப்பாள். இந்த நோய்க்காரர்கள் இப்படித்தான் போவார்கள் என்று டாக்டர் எப்போதோ சொல்லியிருந்தார். அழுதிருப்போம். நானும் அழுதிருப்பேன்.

ஆனால் டிரைவர் வந்தார். வெளியூர் பஸ்ஸில் மாற்றிப் போட்டிருந்தார்களாம், அன்றுதான் ஊர் திரும்பியிருக்கிறார். அவரிடம் ஒரு டிஸ்க் பாக்கி இருந்தது. எல்லாம் விற்றாயிற்று, இனி வேண்டாம் என்று அவரிடம் நான் எவ்வளவு தெளிவாகச் சொல்லியிருந்தேன். இருந்தாலும் அவருக்குச் சட்டம் சட்டம்தானாம். உள்ளே வந்து கையில் கொடுக்க வேண்டும். ஷூவுக்குள் கைவிட்டுச் சாவியை எடுத்துத் திறந்திருக்கிறார். குழாயைப் போட்டு உறிஞ்சிப் பார்த்திருக்கிறார், நெஞ்சை அழுத்தியிருக்கிறார். உடம்பில் இன்னும் சூடு இருந்ததாம். அப்புறம் நிமிர்ந்து திரையைப் பார்த்திருக்கிறார். பெற்றோர் அனுமதி மறுத்துவிட்டார் என்று பெரிய எழுத்தில் எரிந்துகொண்டிருந்தது.

நான் வீட்டுக்குப் போனபோது அவர் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதுகொண்டிருந்தார். அவ்வளவு பெரிய உடம்பு, பார்க்கவே சகிக்கவில்லை. டிஸ்க்கை அவன் உள்ளங்கையில் வைத்து விரல்களை மடக்கிவிட்டிருந்தார். திருப்பிக் கொடுத்துவிட்டாராம். என் மனைவி என்னைப் பார்க்கவில்லை. இதுவரை பார்க்கவில்லை. அவள் இப்போது அந்த முன்னறையில்தான் படுக்கிறாள் என்று கேள்விப்பட்டேன். காலியான அறை, காற்றோட்டமாக இருக்கும்.

இதோ உங்கள் மேசைமேல் அந்த டிஸ்க்கைச் சாட்சிப் பொருளாக ஓர் உறைக்குள் போட்டு வைத்திருக்கிறீர்கள். அதற்கு இப்போதுதான் ஓர் உறை கிடைத்திருக்கிறது.

எழுதிக்கொள்ளுங்கள். வந்த ஒவ்வொன்றையும் படித்தேன், அவன் மூச்சுத் திணறுகிறான் என்று தெரிந்தேதான் மறுத்தேன். என் விரல்தான். யாரும் என்னை வற்புறுத்தவில்லை, நான் நிதானத்தில்தான் இருந்தேன். இதில் மறைக்க எனக்கு ஒன்றுமில்லை. என் மனசை அரிப்பது வேறு. கடைக்காரன் அந்தக் காலி உறையை நீட்டியபோதே, இதன் சரக்கு வெளியே யாரிடம் இருக்கிறது என்று நான் கேட்டிருக்க வேண்டும். என் வேலையில் நேற்றுச் சேர்ந்தவன்கூடக் கேட்டிருப்பான். நான் செய்த தப்பு அது ஒன்றுதான், மேடம். அதை நினைத்தால்தான் எனக்குத் தூக்கம் வருவதில்லை.