நல்ல வெளிச்சத்தில் ஒரு பிணம்

"என்ரை செத்தவீட்டை அம்மா போன மாதம் செய்து முடிச்சிட்டா, அண்ணை."

எண்பதுகளில் ஒருநாள், சோலோதுர்னிலிருந்து லாங்கன்தால் போகும் ரயிலில், எதிரே இருந்த இளைஞன் பக்கத்தில் இருந்தவரிடம் இப்படிச் சொன்னான். நான் ஜன்னலைப் பார்த்தபடி காதை மட்டும் அவர்களிடம் விட்டுவைத்தேன்.

"என்ன விசர்க்கதை கதைக்கிறாய்?"

"நான் வேலை செய்யிற ஹோட்டலில ஜெர்மன் டிவிக்குத் துப்பறியும் நாடகம் எடுத்தவை. என்னைப் பிணமாய்ப் படுக்கச் சொன்னவை. கமெராக்காரர் பெரிய ஆள், சினிமாவில பேரெடுத்துப் பிறகு டிவிக்கு வந்தவர். என்ரை முகத்துக்கு மட்டும் அரைநாள் லைட் பிடிச்சவர்."

"சரி, அதுக்கு?"

"ஸ்டுட்கார்ட்டில இருக்கிற மச்சானுக்கு ஜெர்மன் விளங்காது. டிவியில என்ரை பிணத்தைப் பாத்து, அதைச் செய்தி எண்டு நினைச்சு ஊருக்குத் தந்தி அடிச்சிட்டான்."

அண்ணை வாயைப் பொத்திக்கொண்டார். எனக்கு அந்த வசதியும் இல்லை. ஒட்டுக்கேட்பவன் அதிர்ச்சியைக்கூட மறைத்துத்தான் அடைய வேண்டும்.

"உயிரோட இருக்கிறன் எண்டு நீ எழுதேல்லையோ?"

"எழுதினனான். அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. தங்கச்சி ஆறுதலுக்காகப் பொய்யாய் வாசிக்கிறாள் எண்டு அழுகிறாவாம்."

"அப்ப போட்டோ அனுப்படா."

"அனுப்பினனான். விசயத்தைக் கேட்டு அந்தக் கமெராக்காரரே ஆடிப்போனார். லைட் எல்லாம் கட்டி, தன்ரை கையால எடுத்துத் தந்தவர். அப்பிடி உயிருள்ள படம்."

"பிறகென்ன?"

"அம்மா அதுக்கு மாலை போட்டு விளக்குக் கொளுத்தி வச்சிருக்கிறா. மாலை போட இப்பதான் ஒரு நல்ல படம் கிடைச்சுதாம்."