முருகேஸ்வரி சிரிக்கிற வீடியோ

இல்லண்ணே, அந்த வீடியோ கெட்டுப்போச்சு. விஸ்வநத்தத்துலருந்து ரெண்டு பஸ் மாறி விருதுநகர் வந்துருக்கீக, இல்லன்னு சொல்ல எனக்கே வெக்கமா இருக்கு. உக்காருங்க. தண்ணி குடிங்க.

செவுத்துல உள்ளதா? அதெல்லாம் நான் எடுத்த படத்துக்குக் குடுத்த அவார்டு. அத்தா வத்தல் மண்டியில உக்காருலேன்னாரு. மாட்டேன்னு கேமராவத் தூக்கிட்டுக் காட்டுக்குள்ள ஓடுனேன். இருவத்திமூணு வருசம். டைரக்டரு, புரொடியூசரு எல்லாம் நாந்தான். எங்க தொழில்ல ஒரே சட்டந்தாண்ணே: பாக்கலாம், குறுக்க போகக் கூடாது. கீரி வந்து குஞ்சு ஒவ்வொண்ணாத் தின்னும். மூச்சுக் காட்டாம எடுத்துக்கிட்டே இருப்பேன்.

அப்புறம் மூணு வருசம் ஒருத்தனும் கூப்பிடல. நாய் படாத பாடு. கடைசியா ஒரு சேனல்காரவுக சரின்னாக. ஆக்காட்டிக் குருவி, முட்டையிலருந்து குஞ்சு வெளிய வர்ற வரைக்கும் வேணும்னாக. கூட்டக் காமிச்சதே உங்க வீட்டுல முருகேஸ்வரி மதினிதான? பட்டாசுக் கம்பெனிக்குள்ள, மருந்து காய வைக்கிற மேடைக்குப் பக்கத்துல, வெறுந்தரையில நாலு முட்டை. எவளும் மிதிச்சிரக் கூடாதுன்னு சுத்திச் செங்கல் வேற வச்சிருந்தாக. உள்ள கேமரா விட மாட்டாக. நான் வேலிக்கு வெளிய கருவேலம் பொதருக்குள்ள படுத்துக் கெடந்தேன், இருவத்தாறு நாளு.

அழாதீகண்ணே. ஆதார் கார்டு போட்டோதான் இருக்கா? பிள்ளைக்குக் காட்ட, சிரிச்ச மாதிரி ஒண்ணு வேணுமா?

சிரிக்காகண்ணே, அதுல நல்லாச் சிரிக்காக. குருவி கத்துனா, போதும்டி, ஒன் முட்டைய யாரும் திங்கலன்னு வைவாக.

ஆமா. வீடியோ கெடல. பொய் சொன்னேன்.

அன்னைக்குக் காலையில முட்டையில கீறல் விழுந்துச்சு. குஞ்சு மூக்கு தெரியுது. பின்னால மேடையில, காயப் போட்ட மருந்துலருந்து லேசாப் புகை. மதினி அந்தப் பக்கம் முதுகக் காட்டிக் குனிஞ்சு நிக்காக. நான் பாத்தேண்ணே. சத்தம் போட்டா அவுகளுக்குக் கேக்குற தூரந்தான். குருவி பறந்துருமேன்னு வாயத் தொறக்கல. பதினோரு செகண்டு, அப்புறம் மேடையே வெடிச்சிருச்சு. நான் பாத்தது வேற யாருக்கும் தெரியாது.

நேத்தே சிரிப்ப மட்டும் வெட்டி வச்சிட்டேன். குடுத்துருக்கலாம். குடுத்தா என்னயக் கையெடுத்துக் கும்புட்டுட்டுப் போவீக. அத மட்டும் என்னால தாங்க முடியாதுண்ணே.