தன் காரைக் கழற்றிக் கொடுத்தவர்

தலைமையேற்றிருக்கும் எங்கள் சங்கத் தலைவர் அவர்களே, மேடையில் அமர்ந்திருக்கும் பெரியவர்களே, பட்டறையைப் பூட்டிவிட்டு வந்திருக்கும் தோழர்களே, முன்வரிசையில் இருக்கும் என் தங்கையே! வணக்கம். நெடுநேரம் நின்று பேச எனக்குத் தெம்பில்லை. தெரிந்ததைச் சொல்லிவிட்டு உட்கார்ந்துகொள்கிறேன்.

'லேப்டாப் மாஸ்டர்' என்று நீங்கள் எல்லோரும் அழைத்த பெருந்தகை என் தங்கையின் கணவர். பத்தொன்பது ஆண்டுகள் ஒரே பட்டறையில் எனக்குக் கூட்டாளி. போன செவ்வாய்க்கிழமை மதியம் சாப்பிட உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை.

கம்பெனி கைவிட்ட கார்களைத் தொட்டது யார்? மாஸ்டர்! 'இந்த மாடலுக்கு இனி சாஃப்ட்வேர் இல்லை, பழைய இரும்புக்குப் போடுங்கள்' என்று அனுப்பப்பட்ட கார்களை ஓடவைத்தது யார்? மாஸ்டர்! முகம் தெரியாத யாரோ இணையத்தில் போட்டுவைத்த சாஃப்ட்வேர், ஒரு பழைய லேப்டாப், டேப் சுற்றிய ஒரு கேபிள். அவ்வளவுதான் அவருடைய ஆயுதம். அதைத் 'திருட்டு வேலை' என்று நான் திட்டிக்கொண்டே இருந்தேன்.

"வண்டி அவங்களோடது மச்சான். அதுக்குள்ள என்ன கோளாறுன்னு பாக்க யார்கிட்ட அனுமதி கேக்கணும்?" என்பார்.

 

ஆனால் அவர் தோற்ற ஒரு நாளைத்தான் சொல்ல வந்தேன். தையல் வேலை செய்யும் ஒரு அம்மா. சிறுநீரகம் கெட்ட கணவரை வாரம் மூன்று முறை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக அவரிடம் இருந்தது ஒரு பழைய கார்தான். எஞ்சினுக்கு மூளை போன்ற ஈ.சி.எம். பெட்டிக்குள் மாஸ்டர் புரோகிராம் ஏற்றிக்கொண்டிருந்தார். முக்கால்வாசி ஏறியபோது கார் பேட்டரி இறங்கிவிட்டது. பெட்டி செத்தது.

நான் அவர் காதருகே போய், "வரும்போதே போயிருந்துச்சுன்னு சொல்லிடுங்க மாப்பிள்ளை. யாருக்குத் தெரியப்போகுது?" என்றேன்.

"எனக்குத் தெரியுமே மச்சான்."

நேரே அந்த அம்மாவிடம் போனார். "பேட்டரியைப் பாக்காம ஆரம்பிச்சுட்டேன்மா. பெட்டியைக் கெடுத்தது நான்தான்."

அந்த அம்மா கத்தவில்லை. "நாளைக்குக் காலையில அவருக்கு ஆஸ்பத்திரி" என்று மட்டும் சொன்னார்.

மாஸ்டர் வாசலில் நின்ற தன் சொந்தக் காரின் பானெட்டைத் திறந்தார். அதே மாடல். அதன் பெட்டியைக் கழற்றி, அந்த அம்மாவின் சாவியை ஏற்கும்படி புரோகிராம் செய்து, மாலை ஐந்து மணிக்குள் காரை அனுப்பிவைத்தார். தன் காருக்கு வேறு பெட்டி கிடைக்க ஏழு மாதம் ஆயிற்று. ஏழு மாதமும் பஸ்ஸில் வந்தார்!

"ஊர்ல உள்ள காரெல்லாம் ஓடுது. நம்ம கார்ல கோழி முட்டை போடுது" என்றாள் என் தங்கை.

"முட்டையாவது கிடைக்குதே" என்று சிரித்தார்.

தோழர்களே! எனக்கு அறுபத்திரண்டு வயது. அந்த லேப்டாப் திரையில் ஓடுவதில் பாதி எனக்குப் புரியாது. கடையை மூடிவிடலாம் என்றுதான் நேற்றுவரை இருந்தேன். பாதி பிரித்த நீல நிறக் கார் ஒன்று அங்கே நிற்கிறது. அதன் சொந்தக்காரர் கடைசி வரிசையில் இருக்கிறார். ஐயா, வேறு இடம் பார்க்கச் சொல்லி உங்களுக்குப் போன் செய்தேன் அல்லவா? அந்தப் பேச்சைத் திரும்பப் பெறுகிறேன். மாஸ்டர் விட்டுப்போன வேலையை எழுத்துக்கூட்டிப் படித்தாவது முடிப்பேன். தப்பு செய்தால் உங்கள் முகத்தைப் பார்த்துச் சொல்வேன். காரை இழுத்துப்போக ஆள் அனுப்பாதீர்கள். நாளைக் காலை ஒன்பது மணிக்குக் கடை திறந்திருக்கும்.