நிறம் மாறாத தண்ணீர்

இடுப்புவலிக்காரனுக்கு நின்றுகொண்டு பேச வராது. ஸ்டூல் போடச் சொன்னீர்களே, அதுவே பெரிது இன்ஸ்பெக்டர் ஐயா. மயிலம் பக்கத்துக் குவாரியில் பன்னிரண்டு வருஷம் கல்லுடைத்த இடுப்பு இது. குனிந்தால் நிமிர நேரமாகும். அறுபத்தொன்றாம் வருஷம் இதே இடுப்போடுதான் திண்டிவனத்தில் சாந்திராஜ் முதலாளியிடம் வேலைக்குச் சேர்ந்தேன். என் பெயர் பூமாலை.

முதலாளி செஞ்சிப் பக்கத்து ஜைனர், ரசாயனம் படித்தவர். மல்லாட்டை, அதான் வேர்க்கடலை, உடைக்கிற பழைய மில் கொட்டகையில் ஆஸ்பத்திரிகளுக்கு மயக்க வாயு செய்தார். சைக்ளோபுரோப்பேன். அந்தப் பெயர் என் வாயில் நுழைய ஒரு மாதம் ஆயிற்று. துத்தநாகத் தூளைச் சாராயத்தில் கலந்து சூடாக்கி, புரோமின் ஏற்றிய ஒரு திரவத்தை அதில் சொட்டுச் சொட்டாக விட வேண்டும். என்ன நடக்கிறது என்று விரலை மடக்கிக் காட்டினார்.

"மூணு கார்பன் வரிசையா நிக்குது, பூமாலை. ரெண்டு கோடியிலயும் புரோமின் தொத்திக்கினு இருக்குது. துத்தநாகம் அதைப் பிடுங்கிடும். அப்ப ரெண்டு கோடியும் வளைஞ்சி ஒண்ணையொண்ணு பிடிச்சிக்கும். சின்ன வளையம்."

"அவ்ளோ வளைச்சா வலிக்காதுங்களா?"

"வலிக்கும். அதான் எப்படா பிச்சிக்கலாம்னு இருக்கும்" என்று சிரித்தார்.

வளையமாகாமல் போனதும் அந்த வாயுவோடு சேர்ந்தே வரும். அது தொண்டையை அறுக்கும். அதைப் பிடிக்கத்தான் மூன்று கண்ணாடி ஜாடிகளில் ஊதாத் தண்ணீர் வைத்திருந்தோம். கிணற்றில் மருந்தாகப் போடுவார்களே, அந்த ஊதா உப்புதான். நல்ல வாயு அதைத் தொடாமல் தாண்டிவிடும். கெட்டது அதில் சிக்கும், தண்ணீர் பழுப்பாகும். பழுத்தால் கொட்டிவிட்டுப் புதிதாகக் கரைக்க வேண்டும். கொட்டகைப் பம்பில் வந்தது கலங்கல் தண்ணீர், உப்பு போட்டவுடனே பழுத்துவிடும். ரோட்டைத் தாண்டி கொல்லைக் கிணற்றிலிருந்து நல்ல தண்ணீர் கொண்டுவர வேண்டும். ஒவ்வொரு தடவைக்கும் இரண்டு குடம். அது என் வேலை.

அதைச் செய்தது பொன்னி. கொட்டகையைப் பெருக்கி, ஜாடி கழுவ வந்தவள். பச்சைமுத்து என்கிற வண்டிக்காரனின் பெண்சாதி. நான் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிற்பதைப் பார்த்து, கேட்காமலே குடத்தை எடுத்துக்கொண்டு போனாள்.

"நீ கலெக்டரு மாதிரி சாஞ்சிக்கினு இருண்ணா. நான் எடுத்தாந்துடறேன்."

ஒன்றரை வருஷம் அப்படி ஓடியது. பிறகு அவள் வயிற்றில் கட்டி என்றார்கள். தை மாதத்தோடு நின்றுவிட்டாள்.

"நான் திரும்பி வர்ற வரைக்கும் நீயே தூக்குண்ணா. எனக்குப் பட்ட தண்ணிக் கடனைக் கழிக்க உனக்கு இதான் நேரம்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

நான்கு நாள் தூக்கினேன். ஐந்தாம் நாள் கிணற்று மேட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன். அன்று சாயங்காலம் கடைத்தெருவில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் வாங்கும் ஊதா மை மாத்திரை கண்ணில் பட்டது. பம்புத் தண்ணீரில் இரண்டு மாத்திரை போட்டால் போதும். அசல் நிறம். அதில் ஒரு வசதியும் இருந்தது. அது பழுக்கவே பழுக்காது.

முதலாளி பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுவிட வேண்டும், அவர்கள் வழக்கம் அது. அதனால் ஐந்து மணிக்கே தள்ளி நின்று ஜாடியைப் பார்த்துவிட்டு வீட்டுக்குக் கிளம்புவார்.

"இன்னிக்குக் கொஞ்சங்கூடப் பழுக்கலையே. நல்லா வந்திருக்குது."

"உங்க கைராசிங்க" என்பேன்.

அவர் போன பிறகு சிலிண்டரை நிரப்பி, வாயைத் துளி திறந்து மோந்து பார்த்து, நல்லது என்று சாக்குக்கட்டியால் குறி போடுவது என் பொறுப்பு. முதல் தடவையே மிளகாய் வறுத்த மாதிரி எரிந்தது. தும்மினேன். குறி போட்டேன். இதைச் சொன்னால் மையைச் சொல்ல வேண்டும். மையைச் சொன்னால் குவாரிக்குத்தான் திரும்ப வேண்டும். நீங்கள் கல்லுடைத்திருந்தால் இதை விளக்க வேண்டியிருக்காது.

அப்படி ஆறு சிலிண்டர் போயிற்று. ஒலக்கூர்ப் பெரியவர் ஒருத்தர் ஆப்பரேஷன் மேசையிலேயே அடங்கிவிட்டதாகக் கேள்விப்பட்டேன். வயசானவர், எப்படியும் போயிருப்பார் என்று வைத்துக்கொண்டேன்.

ஏழாவது சிலிண்டர் விழுப்புரத்துக்கு. காலை பஸ்ஸில் மேலே ஏற்றினேன், இடுப்பு விட்டுப்போயிற்று. இறங்கித் திரும்பினால் அதே பஸ்ஸில் ஜன்னல் ஓரம் பொன்னி. வியாழக்கிழமை ஆப்பரேஷன் என்றாள். எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டேன், சொன்னாள். சிலிண்டர் போகிற அதே இடம்.

"அப்ப நம்ம கேஸ்தான் எனக்கா? மோந்து பாத்தியாண்ணா?"

"பாத்தேன்."

"அப்ப பயம் இல்ல" என்றாள். பக்கத்தில் பச்சைமுத்து வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தான். கண்டக்டர் விசில் கொடுக்க இன்னும் நேரம் இருந்தது. அதற்குள் டீ குடித்துவிட்டு வந்து நின்றேன். நான் பொய் சொல்லவில்லை ஐயா, மோந்து பார்த்தது நிஜம். என் மூக்கு தாங்கியதை அவள் நெஞ்சு தாங்காதா என்று நினைத்தேன். பஸ் போயிற்று.

வாயு கொடுத்ததும் பொன்னிக்குத் தொண்டை மூடிக்கொண்டது, ஏழு நிமிஷத்தில் போய்விட்டாள் என்று பச்சைமுத்து வந்து சொன்னான். நான்தான் அவனுக்குத் தண்ணீர் மொண்டு கொடுத்தேன்.

முதலாளியை விட்டுவிடுங்கள். நேற்று லாக்கப்பில் இருட்டிய பிறகு கொடுத்த சோற்றை அவர் தொடவில்லை, பார்க்கக் கஷ்டமாக இருந்தது. மை கரைத்தது நான். எரிகிறது என்று தெரிந்தே குறி போட்டது நான். அவள் மூக்கில் அதுதான் வைப்பார்கள் என்று தெரிந்தும் இறக்காமல் விட்டது நான். அவள் மேல் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. யாருக்கும் கெடுதல் நினைக்கிற ஆள் இல்லை நான், வலி தாங்காதவன், அவ்வளவுதான்.

ரேகை எங்கே வைக்க வேண்டும்? அதற்கு மேலே ஒரு வரி சேர்த்துக்கொள்ளுங்கள். பொன்னிக்கு நான் இரண்டு குடம் நல்ல தண்ணீர் பாக்கி.