திமிங்கலம் பாடுகிற நேரம்

எனக்கு டிவி பார்க்கிற பழக்கமே கிடையாது ஐயா. அதில் வருகிற எதையும் நான் நம்புவதில்லை. செய்தி வாசிக்கிறவன் சம்பளத்துக்கு வாசிக்கிறான், மருந்து விற்கிறவன் சிரித்துக்கொண்டே விற்கிறான். திமிங்கலத் தொடர் ஒன்றுதான் பார்த்தேன். அதையும் மாப்பிள்ளை பார்க்கிறானே என்றுதான்.

மாப்பிள்ளை என்றால் என் தங்கை புருஷன். தங்கை போன பிறகு அந்த வீட்டில் அவன், அவன் மகள், நான். நாங்கள் இரண்டு பேரும் ஒரே மர அறுவை மில்லில் வேலை பார்த்தவர்கள். நான் ரம்பத்துக்குப் பக்கத்தில் நின்றேன், காது போயிற்று. அவன் மரத்தூள் அள்ளினான், நுரையீரல் போயிற்று. நுரையீரலுக்கு மகள் ஆக்சிஜன் மெஷின் வாங்கி வைத்தாள். என் காதுக்கு, "வயசானா அப்படித்தான் மாமா" என்றாள். குறை சொல்லவில்லை. கேட்டீர்கள், சொல்கிறேன்.

அந்த மெஷினை நீங்களே பார்த்தீர்கள். கட்டில் தலைமாட்டில் நிற்கும். உர்ரென்று ஓடும், நடுநடுவே டப்பென்று அடிக்கும். அதிலிருந்து ஒரு குழாய் அவன் மூக்குக்குப் போகும். டிவியும் அதே அறைதான். மகள் வேலைக்குப் போனால் திரும்பி வருகிற வரைக்கும் அவனுக்குக் காவல் நான்.

தொடர் வாரம் ஒருநாள் மத்தியானம் வரும். முதல் நாள் நான் சிரித்தேன். "கடலுக்குள்ள கேமராவத் தூக்கிக்கிட்டு ஒருத்தன் உக்காந்திருக்கானா? எல்லாம் தொட்டியில எடுக்கிறது மாப்பிள்ளை."

"உங்களுக்கு உங்க நிழல் மேலயே சந்தேகம் மச்சான். பேசாம பாருங்க. திமிங்கலமும் உங்க ஜாதிதான். அதுக்கும் காது இருக்கிறதே தெரியாது." சிரித்தான். சிரித்ததற்கு அரை மணி நேரம் இருமினான்.

டால்பின் வந்த வாரங்கள் எனக்குப் பிடிக்கவில்லை. சர்க்கஸ்காரன் மாதிரி குதிக்கிறது, பல்லைக் காட்டுகிறது. பல்லைக் காட்டுகிற எவனையும் நான் கிட்டச் சேர்ப்பதில்லை. திமிங்கலம் அப்படி இல்லை. மலை மாதிரி உடம்பு, சின்னக் கண், யாரையும் கண்டுகொள்ளாமல் போகும். ஆண் திமிங்கலம் தனியாக நின்று பாடுமாம். அந்தப் பாட்டுத்தான் எனக்குக் கேட்கவில்லை. சத்தத்தைக் கூட்டினால் மேல்வீட்டுக்காரன் தரையை இடிப்பான். படத்துக்குக் கீழே எழுத்து ஓடும், நான் கூட்டிப் படிப்பதற்குள் அது போய்விடும். மாப்பிள்ளையைக் கேட்டால், "ஆகா, என்னமா பாடுது" என்பான். எப்படி என்று சொல்ல மாட்டான். திமிங்கலம் வாயைத் திறக்காமல் பாடுகிறது, இவன் தலையாட்டி ரசிக்கிறான், நான் மெஷின் உறுமுவதைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். ஒவ்வொரு வாரமும் இதே கூத்து.

மெஷினை அணைப்பது முதலில் அவன் யோசனைதான். அதை எழுதிக்கொள்ளுங்கள்.

"பாட்டு வர்றப்ப ஒரு நிமிஷம் நிறுத்துங்க மச்சான். நான் தாக்குப் பிடிப்பேன். பொண்ணுகிட்ட மூச்சு விட்டுறாதீங்க."

நிறுத்தினேன். அறை சட்டென்று அடங்கிற்று. கேட்டது ஐயா. கிணற்றுக்குள் யாரோ நீளமாக முனகுவது மாதிரி, அப்புறம் கதவு திறக்கிற மாதிரி. மில்லை விட்டு வந்த பிறகு ஆசைப்பட்டு நான் கேட்ட முதல் சத்தம் அது. பாதியிலேயே அவன் கையைத் தூக்கிவிட்டான். மெஷினைப் போட்டேன். பாட்டு இன்னும் ஓடிக்கொண்டிருந்தது, எனக்குத்தான் கேட்கவில்லை.

அதற்கப்புறம் எல்லா வாரமும் அப்படித்தான். பாட்டு ஆரம்பிக்கும், அணைப்பேன், அவன் கை தூக்குவான், போடுவேன். வர வர இன்னும் சீக்கிரமாகத் தூக்கினான். வேண்டுமென்றே செய்கிறான் என்று புரிந்துகொண்டேன். மெஷின் ஓடினாலும் அவனுக்குப் பாட்டு கேட்கும் அல்லவா. எனக்கும் கேட்பது அவனுக்குப் பொறுக்கவில்லை.

போன வாரம் கடைசிப் பகுதி. பாட்டை முழுசாகப் போடப்போகிறோம் என்று முன்னாலேயே விளம்பரம் செய்திருந்தார்கள்.

"இன்னைக்கு வேண்டாம் மச்சான்," என்றான். "நெஞ்சு சரியில்ல."

அவனுக்கு நெஞ்சு என்றைக்குச் சரியாக இருந்தது?

அவன் போன் அலமாரி மேல் எப்படிப் போயிற்று என்று கேட்டீர்கள். நான்தான் வைத்தேன். பாட்டுக்கு நடுவில் அடித்துத் தொலைக்கக் கூடாது அல்லவா. நாற்காலியையும் கட்டிலுக்கு முதுகு காட்டித் திருப்பிப் போட்டேன். அவன் கை என் கண்ணில் படக்கூடாது என்பதற்காக இல்லை, டிவிக்கு நேராக இருக்கட்டும் என்றுதான்.

திமிங்கலம் வந்தது. அணைத்தேன். பாட்டு முழுவதும் கேட்டேன். படம் பிடித்தவர்கள் பெயரெல்லாம் ஓடி முடிகிற வரைக்கும் உட்கார்ந்திருந்துவிட்டு மெஷினைப் போட்டேன். அது பாட்டுக்கு ஓடிற்று.

மகள் வந்து, "மாமா, அப்பா உங்களைக் கூப்பிடவே இல்லையா?" என்று கேட்டாள். எனக்குத்தான் காது கேட்காதே என்றேன். பாவம், என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

உங்களிடம் மறைத்து என்ன ஆகப்போகிறது. மெஷின் நின்ற அறையில் எல்லாமே கேட்டது. "மச்சான்" என்றான். கொஞ்சம் பொறுத்து மறுபடியும் "மச்சான்" என்றான். நான் திரும்பாமலே, பாட்டு முடியட்டும் என்று கையைக் காட்டினேன். அதற்கப்புறம் அவன் தொந்தரவு செய்யவில்லை. அவனுக்கும் அந்தப் பாட்டு ரொம்பப் பிடிக்கும்.