காளைக்கு ஆங்கிலம் தெரியாத குற்றம்

இப்பள்ளிக்கு நிலம் தந்து, நிழலுக்குப் புளியமரம் தந்து, இன்று கழுத்து நோகும் அளவுக்கு மாலைகளைச் சுமந்து வீற்றிருக்கும் தலைவர், மிட்டாதார் நாச்சிமுத்து அவர்களே! சேலத்திலிருந்து ஆங்கிலத்தை மூட்டை கட்டிக்கொண்டு வந்து நம் வேப்பங்கரட்டூரில் அவிழ்த்த தலைமையாசிரியர் சின்னுசாமி அவர்களே! பள்ளிக் குழுவின் பெருந்தகைகளே! எருமப்பட்டியிலிருந்து நடந்தே வந்த நண்பர்களே! பந்தலுக்குள் நாற்காலி கிடைத்த கனவான்களே! பந்தலுக்கு வெளியே வெயில் கிடைத்த உழைப்பாளிகளே! இடுப்பில் ஒன்றும் கையில் ஒன்றுமாகப் பிள்ளைகளோடு நிற்கும் தாய்மார்களே! உங்கள் அனைவருக்கும் பள்ளிக் குழு உறுப்பினன் வேலுமணியின் பணிவான வணக்கம்.

என்னை எதற்காக மேடையேற்றியிருக்கிறார்கள் தெரியுமா? இரண்டே நிமிடத்தில் ஒரு தீர்மானத்தை வழிமொழிந்துவிட்டு இறங்குவதற்காக. தீர்மானம் இதுதான்: வண்டிக்காரர் ஆண்டியின் மகள், முதல் வகுப்பு அத்தாயி, வயது ஆறு, பள்ளி எல்லைக்குள் மூன்று முறை ஆங்கிலம் அல்லாத மொழியில் பேசிய குற்றத்துக்காக, அவள் பெயர் மாணவர் பதிவேட்டிலிருந்து நீக்கப்படுகிறது. ஆறு வயதில் மூன்று குற்றம்! அறுபது வயதில் இவள் என்ன செய்வாளோ என்று எண்ணி எண்ணி எனக்கு உறக்கமே பிடிக்கவில்லை.

இந்தச் சட்டத்தை எழுதிய புண்ணியவான் யார்? வேறு யார், நான்தான்! மெட்ரிகுலேஷன் வரை படித்த மேதாவி அல்லவா? 'வாசற்படி தாண்டினால் ஆங்கிலம் ஒன்றே மொழி' என்று இந்தக் கையால்தான் எழுதினேன். எழுதிவிட்டு மூன்று முறை வாசித்து, என்னை நானே மெச்சிக்கொண்டேன். வீட்டில் தமிழ் பேசுகிற குழந்தை, வீட்டில் தெலுங்கு பேசுகிற குழந்தை, வீட்டில் கன்னடம் பேசுகிற குழந்தை, மூன்றும் வாசற்படி தாண்டியதும் வெள்ளைக்காரத் துரைகளாக மாறிவிடும் என்று நினைத்தேன்.

மாறினவா? மாறின! பேச்சே மறந்துபோன துரைகளாக மாறின. போன தையில் பள்ளி இன்ஸ்பெக்டர் வந்தார். வகுப்பில் நாற்பது குழந்தைகள், ஒரு சத்தமில்லை. 'இப்பள்ளியில் நிலவும் அமைதி போற்றுதற்குரியது' என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். நாம் என்ன செய்தோம்? அதைக் கண்ணாடிச் சட்டத்தில் போட்டு மாட்டினோம். ஊமைத்தனத்துக்கு நற்சான்று வாங்கிய பள்ளி இந்த ஜில்லாவிலேயே நம்முடையது ஒன்றுதான். கை தட்டுங்கள் ஐயா, பெருமைப்பட வேண்டிய செய்தி!

அப்படியானால் ஆங்கிலமே வரவில்லையா என்று கேட்பீர்கள். ஏன் வரவில்லை? வந்தது. ஸ்டாண்டப், சிட் டவுன், கமான், கோ, ஷட்டப். ஐந்து சொல், அசைக்க முடியாத அஸ்திவாரம். ஒரு நாள் ஆண்டி பள்ளி வாசலில் நின்று இதையெல்லாம் கேட்டுவிட்டு, ஒவ்வொரு சொல்லுக்கும் என்னிடம் அர்த்தம் விசாரித்தார். சொன்னேன். சற்று யோசித்துவிட்டு அவர் கேட்டார்: "ஏனுங்க, இதெல்லாம் நான் மாட்டுக்குச் சொல்றதாத்தான இருக்குதுங்க? நில்லு, படு, வா, போ, கத்தாத. மாடு திருப்பிப் பேசோணும்னு நான் சொல்லிக் குடுக்கறதில்லீங்க. எம்புள்ளைக்குத் திருப்பிப் பேசறதுக்கு எப்பச் சொல்லிக் குடுப்பீங்க?"

படிக்காத மனிதர், ஏதோ உளறுகிறார் என்று சிரித்துக்கொண்டே வந்துவிட்டேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்று எனக்கு என் மேலேயே காறித் துப்பத் தோன்றுகிறது.

என்ன அங்கே? மாட்டுக் கதையைச் சொல்லச் சொல்கிறாரா செல்லமுத்து? பொறுங்கள், அதற்குத்தான் வருகிறேன்.

நான்கு மாதங்களுக்கு முன், காலை பத்தரை மணி. குழந்தைகள் முற்றத்தில் வரிசையாக நிற்கிறார்கள். வாசலில் கடலைக்காய் மூட்டை வண்டி. தண்ணீர் காட்ட அவிழ்த்த காளை, சேலத்திலிருந்து புதிதாக வாங்கி வந்த பள்ளி மணியின் ஓசைக்கு மிரண்டு, கயிற்றை அறுத்துக்கொண்டு முற்றத்துக்குள் பாய்ந்தது. யாருடைய காளை? தலைவர் அவர்களே, உங்கள் மயிலைக்காளை! பள்ளிக்கு நிலம் கொடுத்த நீங்கள், காளைக்கு மட்டும் ஆங்கிலம் கற்பிக்க மறந்துவிட்டீர்கள்.

ஏன் சொல்கிறேன் என்றால், நம் தலைமையாசிரியர் கலங்கவில்லை. சட்டத்தை மீறவும் இல்லை. காளையைப் பார்த்துக் கம்பீரமாகக் கட்டளையிட்டார்: "ஸ்டாப்! ஸ்டாண்ட் ஸ்டில்! டோன்ட் மூவ்!" சிரிக்கிறீர்களா? நன்றாகச் சிரியுங்கள். பிறகு சிரிக்க முடியாது. காளைக்கு ஆங்கிலம் தெரியாது. ஆனால் குழந்தைகளுக்கு அந்த 'ஸ்டாண்ட்' தெரியும்! ஓடத் திரும்பிய நாற்பது குழந்தைகளும் அந்தக் கட்டளையைக் கேட்டதும் அப்படியே நின்றார்கள். பிரம்படிக்குப் பயந்து படித்த பாடம் அல்லவா? கொம்பைக் கண்டும் அசையவில்லை. முன்வரிசையில், காளைக்கு நேர் எதிரே, அசையாமல் நின்ற குழந்தை யார்? என் மகள் சௌந்திரம்.

வண்டிக்குப் பின்னால் நின்றேன் நான். ஓடி எட்டுகிற தூரம் இல்லை. தொண்டையிலிருந்து தமிழும் வரவில்லை, ஆங்கிலமும் வரவில்லை.

அப்போது கடைசி வரிசையிலிருந்து ஒரு குழந்தை ஓடி வந்தது. கட்டளையை மீறி ஓடி வந்தது! தினமும் அந்தக் காளைக்குத் தீனி போடுகிற வீட்டுக் குழந்தை. என் மகளுக்கு முன்னால் நின்று, இரண்டு கையையும் விரித்து, "மயிலை! ஹோ... ஹோ... நில்லு சாமி, நில்லு! ஒண்ணுமில்ல, ஒண்ணுமில்ல!" என்றது. காளை நின்றது. மூச்சு வாங்கிற்று. தலையைத் தாழ்த்தி அவள் கையை நக்கிற்று.

அவள்தான் அத்தாயி. அதுதான் அவளுடைய மூன்றாவது குற்றம். அன்றே அவளை வீட்டுக்கு அனுப்பியாயிற்று; பெயரை அடிக்க மட்டும் இன்றைய கூட்டத்துக்குக் காத்திருந்தோம்.

குற்றப் பதிவேட்டை வாசிக்கட்டுமா? 'அத்தாயி, முதல் வகுப்பு, காலை பத்தரை மணி, தாய்மொழியில் உரக்கப் பேசினாள்.' உரக்க! அடடா, மெதுவாகப் பேசியிருந்தால் மன்னித்திருப்பார்களோ? சட்டம் எழுதியவன் என்ற உரிமையில் ஒரு சந்தேகம் கேட்கிறேன். மாணவி மாணவியோடு தமிழ் பேசக்கூடாது, சரி. ஆசிரியரோடு பேசக்கூடாது, சரி. காளையோடு பேசலாமா, கூடாதா? அதற்கு நான் விதி எழுதவில்லையே! தலைமையாசிரியர் அவர்களே, எழுந்து போகிறீர்களா? உட்காருங்கள், சிட் டவுன்.

அந்தப் பதிவேட்டை நேற்றுத்தான் முழுவதும் புரட்டினேன். பதினொரு பெயர்கள். சென்றாயன் மகன், அங்கமுத்து மகள், பொன்னாயி மகன். பதினொன்றும் பண்ணையில் உழைப்பவர்களின் பிள்ளைகள். குழுவில் உட்கார்ந்திருக்கிற எங்கள் பிள்ளைகளின் பெயர் ஒன்று உண்டா? என் மகள் சௌந்திரம் வாய் ஓயாத வாயாடி. இன்ஸ்பெக்டர் தலை மறைந்தால் வகுப்பிலும் தமிழ், வரிசையிலும் தமிழ், அடி விழுந்தால் அழுவதும் தமிழ். அவள் பெயர் எங்கே? தேடினேன், இல்லை. மொழிக்குச் சட்டம் எழுதினேன் என்று நினைத்தேனே! யாரை உள்ளே விடுவது, யாரை வெளியே தள்ளுவது என்பதற்கல்லவா எழுதிக் கொடுத்திருக்கிறேன்!

ஆங்கிலம் வேண்டாம் என்கிறேனா? இல்லை! வேண்டும், நன்றாக வேண்டும், ஆண்டியின் மகளுக்கு என் மகளைவிட அதிகமாக வேண்டும். இதே புளியமரத்தடியில் நம் குழந்தைகள் ஒருவர் பாஷையை ஒருவர் விளையாடியே பிடித்துக்கொண்டார்களே, எந்தப் பிரம்பு கற்றுக்கொடுத்தது? தெரிந்த மொழியில் கையைப் பிடித்துத் தெரியாத மொழிக்கு அழைத்துப் போங்கள். கேட்கக் கற்றுக்கொடுங்கள், மறுக்கக் கற்றுக்கொடுங்கள், திருப்பிப் பேசக் கற்றுக்கொடுங்கள்! நிற்கச் சொன்னால் நிற்பதற்கு மட்டும் ஒரு மொழி எதற்கு?

தீர்மானத்தை நான் வழிமொழியவில்லை. அத்தாயி பெயரை அடித்தால், அதே மையால் சௌந்திரம் பெயரையும் அடியுங்கள். நீக்கக் கூடாது என்பவர்கள் கை தூக்குங்கள். வெயிலில் நிற்பவர்களும் தூக்கலாம், வெயிலுக்கும் ஓட்டு உண்டு. அம்மா, இடுப்புக் குழந்தையின் கையையும் தூக்குகிறாயா? தூக்கு, தூக்கு! தலைவர் அவர்களே, என்ன சொல்கிறீர்கள்? பின்னால் கேட்கவில்லையாம், உரக்கச் சொல்லுங்கள். தமிழிலேயே சொல்லலாம். "அந்தக் காயிதத்தக் கிழிச்சுப் போடப்பா" என்கிறார்! கிழித்துவிட்டேன் ஐயா.

இனி நன்றி சொல்ல வேண்டும். தலைவருக்கும் குழுவுக்கும் அச்சிட்ட அழைப்பிதழிலேயே நன்றி சொல்லியாயிற்று. ஒருவருக்கு மட்டும் சொல்லவில்லை. அத்தாயியின் தாய் பெருமாயி, அதோ பந்தல்காலைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். என் வீட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில் அவர் வீடு. நாலு மாதமாக நான் அந்தப் பக்கம் போகவில்லை. ஒரு வார்த்தை சொல்ல வெட்கப்பட்டேன். ஊர் முன்னால் இப்போது சொல்கிறேன்:

பெருமாயி, உங்க புள்ளையாலதானுங்க என்ற புள்ளை இன்னிக்கு எங்கூட்டுல சோறு திங்குது. அன்னிக்கே வந்து சொல்லாம உட்டது என்ற தப்புங்க. மன்னிச்சுக்குங்க தாயி. நாளைக்குக் காலையில அத்தாயிக்குத் தலை சீவி வைங்க. கூட்டிட்டுப் போக நானே உங்க ஊட்டுக்கு வாரேன்.

எல்லாருக்கும் வணக்கம்.